பவழக்காரத் தெருவின் சனிக்கிழமை

துறைமுகத்துக்குப் பக்கத்தில் குடியிருப்பவர்களுக்கு எது வந்து இறங்கினாலும் பெரிய ஆச்சரியம் கிடையாது என்பதால், ஒரு வெள்ளிக்கிழமை பொழுது சாயும் நேரத்தில் பவழக்காரத் தெருவில் இருந்த அத்தனை மூட்டைகளும் தரையை விட்டு எழும்ப மாட்டேன் என்று உட்கார்ந்துகொண்டபோது, தெரு அதை ஏதோ ரிப்பேர் என்றுதான் முதலில் எடுத்துக்கொண்டது. தராசு முள் அசையவில்லை, எண்ணெய் விட்டார்கள். சரக்கு ஏற்றிய மூன்றுசக்கர மீன்பாடி வண்டி உருளவில்லை, காற்றடித்தார்கள். பில் போடும் பேனா எழுதவில்லை, உதறினார்கள். பணம் அனுப்பக் கைப்பேசியைத் தட்டினால் வட்டம் சுற்றிக்கொண்டே இருந்தது, டவரைத் திட்டினார்கள். எல்லாம் ஒரே நேரத்தில் எப்படிக் கெட்டுப்போகும் என்று கேட்க அந்தத் தெருவில் யாருக்கும் நேரமில்லை. நேரமில்லாமல் இருப்பதுதான் அந்தத் தெருவின் குலத்தொழில்.

அந்த நேரத்தில் தெருவில், முதுகில் பையும் கையில் தண்ணீர் பாட்டிலுமாக நின்ற ஒரு சின்னக் கூட்டத்துக்கு ஜெகதா பழைய கதை சொல்லிக்கொண்டிருந்தாள். மற்ற நாட்களில் ஐகோர்ட்டு எதிரே ஒரு டைப்பிங் கடையில் வேலை பார்ப்பவள், வெள்ளிக்கிழமை சாயங்காலமும் ஞாயிற்றுக்கிழமை காலையும் ஊர் பார்க்க வருகிறவர்களை ஜார்ஜ் டவுன் சந்துகளில் நடத்திக்கொண்டு போய், இந்த ஊரில் யூதர்கள் இருந்தார்கள் என்று சொல்லுவாள். கடல் கடந்து பவழம் கொண்டுவந்து கொடுத்துவிட்டு வைரம் வாங்கிப் போன வியாபாரிகள் அவர்கள் என்றும், அதனால்தான் தெருவுக்கு இந்தப் பெயர் என்றும், அவர்களுடைய இடுகாடு இடம் மாறி இப்போது லாயிட்ஸ் சாலையில் கொஞ்சம் கல்லறைக் கற்கள் மட்டும் மிச்சம் என்றும், அங்கே போனால் பூ வைக்காமல் ஒரு கூழாங்கல்லை வைத்துவிட்டு வரவேண்டும் என்றும் சொல்லுவாள். கேட்பவர்கள் தலையாட்டிவிட்டு, டிபன் எங்கே நன்றாக இருக்கும் என்று கேட்பார்கள். அவளும் சளைக்காமல் அதையும் சொல்லுவாள்.

அன்று அவள் நின்றது இரும்புக்கடைத் தணிகாசலத்தின் குடோன் வாசலில். வெளியே சுண்ணாம்பு உதிர்ந்து கிடந்த அந்தப் பழைய வீட்டின் வலப்பக்க நிலைக்காலில், தோள் உயரத்தில், விரல் நீளத்துக்குச் சாய்வாக ஒரு பள்ளம் வெட்டியிருந்தது. அதில் வேத வாசகம் எழுதிய தோல்சுருளைப் பதித்துவைப்பார்கள், போகும்போதும் வரும்போதும் தொட்டு விரலை முத்தமிடுவார்கள் என்று ஜெகதா சொன்னாள். "வெள்ளிக்கிழமை பொழுது சாஞ்சதும் தராசைக் கீழ வெச்சிடுவாங்க. மறுநாள் வானத்துல மூணு நட்சத்திரம் தெரியற வரைக்கும் எடை போட மாட்டாங்க, விக்க மாட்டாங்க, சுமை தூக்க மாட்டாங்க. வேலைக்காரங்களையும் தூக்கச் சொல்ல மாட்டாங்க." கூட்டத்தில் இருந்த ஒரு வெள்ளைக்கார அம்மாள் அந்தப் பள்ளத்தைத் தொட்டு, விரலை உதட்டில் வைத்துக்கொண்டாள்.

ஜெகதாவுக்குப் பின்னால், லாரிக்கும் குடோனுக்கும் நடுவே, ஆணியும் போல்ட்டும் நிரம்பிய சாக்குமூட்டைக்கு முன் குனிந்த கன்னியப்பன் குனிந்தபடியே இருந்தான். கன்னியப்பன் ஜெகதாவின் புருஷன். பதினெட்டு வயதில் சுமை தூக்கச் சும்மாட்டைத் தலையில் வைத்தவன். அந்தத் தெருவில் அவனால் தூக்க முடியாதது என்று ஒன்று இருந்தால் அது தரையோடு ஒட்டியிருக்க வேண்டும் என்று சொல்லுவார்கள். "தூக்க முடில மே," என்று அவன் ஜெகதாவைப் பார்த்துச் சொன்னபோது அவன் குரலில் வலியைவிட அவமானம்தான் அதிகம் இருந்தது.

ஏனென்றால் போன மாதம்தான் பெரிய ஆஸ்பத்திரி டாக்டர் ஸ்கேன் படத்தை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து, முதுகுத்தண்டில் இரண்டு வட்டு நசுங்கியிருக்கிறது, வாரத்தில் ஒரு முழுநாளாவது படுக்காவிட்டால் இன்னும் கொஞ்ச காலத்தில் எழுந்து நடப்பதே சந்தேகம் என்று சொல்லியிருந்தார். ஞாயிற்றுக்கிழமையும் வெளியூர் லாரி வரும் நாள்தான், ஒருநாள் வராதவன் இடத்தில் மறுநாள் வேறு ஆள் நிற்பான், என்று கன்னியப்பன் அதை இந்தக் காதில் வாங்கி அந்தக் காதில் விட்டிருந்தான். ஜெகதா அழுது பார்த்தாள், பேசாமல் இருந்து பார்த்தாள், சோறு ஆக்காமல் கூடப் பார்த்தாள். கடைசியில் அவள் பேச்சுக்கு மசியாதவனை ஒரு சாக்குமூட்டை உட்காரவைத்தது.

சனிக்கிழமை முழுக்கத் தெரு தன் புதுச் சட்டத்தைத் தட்டித் தட்டிப் பார்த்துத் தெரிந்துகொண்டது. குழந்தையைத் தூக்கலாம், தூக்க முடிந்தது. வீட்டுக்குக் குடிக்கத் தண்ணீர்க்குடம் எடுக்கலாம். அதே குடத்தை ஓட்டலுக்கு விற்க எடுத்துப் போனால் வாசற்படியிலேயே உட்கார்ந்துகொண்டது. பூக்காரி பூவைக் கொடுக்க முடிந்தது, விற்க முடியவில்லை. பாங்கு ஒலித்தது, கோயில் மணி அடித்தது, கற்பூரம் எரிந்தது, உண்டியல் மட்டும் வாயைத் திறக்கவில்லை. வெள்ளிக்கிழமை பொழுது சாய்வதற்குள் அடுப்பில் ஏற்றிய எந்தப் பாத்திரமும் மறுநாள் ராத்திரிவரை ஆறாமல் கொதித்துக்கொண்டே இருப்பதை முதலில் கண்டுபிடித்தவன் டீக்கடை நெய்னா முகம்மது. ஒரு அண்டா டீயைச் சனிக்கிழமை பூராவும் சும்மா ஊற்றினான். காசு வாங்கினால் டம்ளர் கையில் ஏறவில்லை, அதனால் ஊற்றினான் என்றுதான் வெளியே சொல்லிக்கொண்டான்.

வாரம் தவறாமல் அது வந்தது. மழை நாளிலும் வந்தது, தேர்தல் நாளிலும் வந்தது. தெரு அதற்குத் தக்கபடி நெளிந்துகொடுத்தது. வெள்ளிக்கிழமை மத்தியானமே பொருள் வாங்க ஜனம் மொய்த்தது, வீடுகளில் முன்கூட்டியே பருப்பும் கறியும் அடுப்பேறின, சனிக்கிழமை காலையில் லாரி இல்லாத தெருவில் பிள்ளைகள் கிரிக்கெட் ஆடினார்கள். பக்கத்துப் பக்கத்துக் கடைக்காரர்கள் வருஷக்கணக்காக விலை மட்டுமே பேசிக்கொண்டவர்கள், உனக்கு எத்தனை பிள்ளைகள் என்று ஒருவரை ஒருவர் கேட்டுக்கொண்டார்கள். சாயங்காலமானால் மொத்தத் தெருவும் மொட்டைமாடியில் ஏறி, கேபிள் வயர்களுக்கு இடையில் மூன்று நட்சத்திரத்தைத் தேடியது. கழுத்து வலிக்க வானத்தைப் பார்த்தே அறியாத வியாபாரிகள் ஒருவர் தோளை ஒருவர் பிடித்துக்கொண்டு, அதோ ஒன்று, அது விமானம்யா, சரி அதோ அது, என்று அடித்துக்கொள்ளுவார்கள். தகராறு முற்றினால் ஜெகதாவைக் கூப்பிட்டு அனுப்புவார்கள்.

இதில்தான் ஜெகதாவுக்குத் தர்மசங்கடம். கதை சொன்னவள் அவள் என்பதால் நியாயம் சொல்லுகிறவளும் அவளே என்று தெரு முடிவு பண்ணிவிட்டது. "அக்கா, கரண்டு பில் கட்டலாமா?" "அம்மா, பல்லு புடுங்கிக்கலாமா?" என்று வாசலில் வந்து நின்றார்கள். எனக்கென்ன தெரியும், நான் வழி காட்டுகிறவள் என்று சொல்லிப் பார்த்தாள். அதைத்தானே கேட்கிறோம் என்றார்கள். அவள் ராத்திரி உட்கார்ந்து படித்துவிட்டு வந்து தெரிந்ததைச் சொன்னாள், தெரியாததற்குத் தொட்டுப் பாருங்கள் என்றாள்.

ஒரு சனிக்கிழமை மூன்றாம் மாடியில் ஒரு பிள்ளைத்தாய்ச்சிக்குப் பனிக்குடம் உடைந்தது. படிக்கட்டு ஒரே ஒருவர் ஏறும் அகலம். மாடியில் நடக்க முடியாமல் அவள், கீழே சுமை தூக்க முடியாத தெரு. யாரும் யாரையும் கேட்கவில்லை. கன்னியப்பன் மேலே ஓடி, நாற்காலியோடு சேர்த்து அவளைத் தூக்கிக் கீழே கொண்டுவந்தான். ஒரு தலையணையைத் தூக்குவதுபோல இருந்தது என்று பிற்பாடு சொன்னான். கீழே ஆட்டோ முறுக்கியதும் சிட்டாகப் பறந்தது. உயிருக்கு ஆபத்து என்றால் ஓய்வுநாள் ஒதுங்கி வழி விடும், யூதர்களுடைய சட்டத்தில் அப்படித்தான் என்று ஜெகதா சொன்னாள். சொன்னதோடு நிறுத்தியிருக்கலாம். அடுத்த சனிக்கிழமை தெருவில் இருந்த நட்டு, போல்ட்டு, வால்வு, குழாய் அட்டைப்பெட்டி அத்தனையிலும் சிவப்புச் சிலுவை ஸ்டிக்கர் ஒட்டி, அவசர மருந்து என்று எழுதியிருந்தது. ஒரு பெட்டிகூட அசையவில்லை. ஒட்டியவர்கள் தாங்களே சிரித்துக்கொண்டு கிழித்துப் போட்டார்கள்.

சுமைக்காரர்கள் வேறு வேலை பண்ணினார்கள். நிலைக்காலில் இருந்த பள்ளத்துக்கு மஞ்சள் பூசி, குங்குமம் வைத்து, சாமந்தி மாலை சாத்தி, எலுமிச்சம்பழம் குத்திவிட்டார்கள். ஜெகதாவுக்குத் தூக்கிவாரிப்போட்டது. "உருவமே வெச்சிக் கும்பிடாதவங்க வூடுய்யா இது, இன்னாய்யா பண்ணிவெச்சிக்கிறீங்க?" என்று கத்தினாள். "உருவம் எங்கக்கா கீது, வெறும் பள்ளம்தானே," என்றார்கள் அவர்கள். எலுமிச்சம்பழத்தை மட்டும் எடுக்கச் சொன்னாள், எடுத்தார்கள்.

கன்னியப்பன் முதல் சில வாரம் வீட்டில் கூண்டுப்புலிபோல நடந்துகொண்டிருந்தான். "தூக்காத நாள்ல நான் யாரு மே?" என்று ஒருமுறை கேட்டான். விளையாட்டாகக் கேட்கவில்லை. "எம் புருஷன்," என்றாள் ஜெகதா. "அது போதாதா?" அவன் போய்ப் படுத்தான். படுத்தவன் சனிக்கிழமை முழுக்கத் தூங்கினான். வாரங்கள் போகப் போக, தூங்கி எழுந்து மாடிக்கு வருகிறவனின் கூன் கொஞ்சம் கொஞ்சமாக நிமிர்ந்தது. ஒருநாள் நட்சத்திரம் பார்க்க நின்றபோது அவன் தோளைத் தொட அவள் கையை உயர்த்த வேண்டியிருந்தது. கல்யாணமான இத்தனை வருஷத்தில் தன் புருஷன் இவ்வளவு உயரம் என்று அவளுக்குத் தெரியாது. சந்தோஷத்தில் அவளுக்குக் கண்ணீர் வந்தது, நட்சத்திரத்தை உற்றுப் பார்த்ததால் என்று சொல்லி மறைத்தாள்.

தணிகாசலத்துக்கும் ஒரு பக்கம் உண்டு. அவர் கெட்டவர் இல்லை, கூலியில் கைவைக்காதவர். ஆனால் வெளியூர் வாடிக்கைகள் சனிக்கிழமை திறந்திருக்கும் வேறு தெருக்களுக்கு ஒவ்வொருவராக நழுவிக்கொண்டிருந்தார்கள், அவர் அதைத் தினம் பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு திங்கட்கிழமை அவர் ஜெகதாவை டைப்பிங் கடையிலேயே வந்து பார்த்தார்.

"பாரும்மா, நீ சொல்லி வந்தது. நீயே ஏதாவது சொல்லி அனுப்பிவைச்சிடு. மரியாதையாவே போகட்டும்."

"நான் கூப்பிடல சார். இருந்தவங்களைப் பத்திச் சொன்னேன்."

"அப்போ அந்த நிலைக்காலைப் பேத்துடறதா சங்கத்துல பேசியிருக்காங்க. வீடு என்னுது. உன்கிட்ட ஒரு வார்த்தை சொல்லிட்டுச் செய்யலாம்னு வந்தேன்."

வியாபாரிகள் சங்கக் கூட்டத்துக்கு ஜெகதாவும் போனாள். ஊர் சரித்திரம், தொல்பொருள், பாரம்பரியம் என்று மனத்துக்குள் அடுக்கிக்கொண்டு போனவள், எழுந்து நின்றதும் அத்தனையும் மறந்து, "சனிக்கிழமை எங்க வூட்டுக்காரர் நிமுந்து நிக்கறாரு சார்," என்று மட்டும் சொன்னாள். சொல்லிவிட்டுக் கூசிப்போய் உட்கார்ந்துவிட்டாள். யாரும் சிரிக்கவில்லை. இருந்தாலும், நிலைக்காலைப் பெயர்ப்பது அடுத்த வாரம் புதன்கிழமை என்று முடிவானது.

புதன்கிழமை தணிகாசலம் தேங்காய் உடைத்துக் கும்பிட்டுவிட்டுத்தான் ஆசாரியைக் கைவைக்கச் சொன்னார். தேக்கு நிலைக்கால் சத்தமில்லாமல் கழன்று வந்தது. அதை வேட்டியில் சுற்றிச் சங்க அலுவலகத்தில் பத்திரமாக வைத்தார்கள். அந்த இடத்தில் ஒரு இரும்பு ஆங்கிளை நிறுத்திச் சிமெண்டு பூசினார்கள். கன்னியப்பன் தூரத்தில் நின்று பார்த்துவிட்டு வேலைக்குப் போனான். ராத்திரி அவனுக்குச் சுடுதண்ணீர் ஒத்தடம் கொடுத்துக்கொண்டே ஜெகதா அழுதாள். "எத்தினியோ நாள் கெடைச்சிதுல்ல," என்று அவன் தேற்றினான். அவளுக்கு மனம் தேறவில்லை. இனி இந்த முதுகு எத்தனை மாதம் தாங்கும் என்ற கணக்கைத் தவிர வேறு எதுவும் அவள் மனத்தில் ஓடவில்லை.

வெள்ளிக்கிழமை வந்தது. அன்றும் ஜெகதாவின் பின்னால் ஒரு கூட்டம் இருந்தது, ஊர் பார்க்க வந்தவர்கள், விஷயம் கேள்விப்பட்டுக் கொஞ்சம் அதிகமாகவே வந்திருந்தார்கள். அவளுக்கு வாயெடுத்துப் பேசவே பிடிக்கவில்லை. தெரு முழுக்கக் கடை வாசலுக்கு வந்து நின்றது. கோயமுத்தூர் லாரி ஒன்று பின்கதவைத் திறந்துவைத்துக்கொண்டு குடோன் முன்னால் காத்திருந்தது. வெயில் பெயர்ப்பலகைகளை விட்டு ஏறி, வயர்களை விட்டு ஏறி, கடைசியில் மேல்மாடியையும் விட்டுப் போனது. தணிகாசலம் தராசுத் தட்டில் ஒரு கைப்பிடி ஆணியைப் போட்டார். முள் துள்ளிக்கொண்டு நகர்ந்தது. டீக்கடையில் யாரோ காசு நீட்டினார்கள், நெய்னா வாங்கிப் பார்த்தான், வாங்க முடிந்தது. தெருவெங்கும் ஒரு பெருமூச்சு போனது. அதில் எவ்வளவு நிம்மதி, எவ்வளவு ஏமாற்றம் என்று யாராலும் பிரித்துச் சொல்லியிருக்க முடியாது.

"கன்னியப்பா, ஏத்து," என்றார் தணிகாசலம்.

கன்னியப்பன் சும்மாட்டைச் சுருட்டித் தலையில் வைத்துக் குனிந்தான். கொக்கியை மாட்டினான், ஒரு மூச்சு இழுத்தான், மூட்டை தரையை விட்டு எழும்பி அவன் முதுகுக்கு வந்தது. எந்தத் தடையும் இல்லை. அப்படியே நின்றான். லாரிப் பலகை இரண்டடி தூரத்தில் இருந்தது. சுமைக்காரர்கள் எல்லோரும் அவனையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஜெகதா கூட்டத்தை மறந்துவிட்டு அவன் முகத்தைப் பார்த்தாள்.

அவன் போகவில்லை. நின்ற இடத்திலேயே மெல்ல மெல்லக் குனிந்து, தூங்குகிற பிள்ளையைப் பாயில் விடுவதுபோல மூட்டையைத் தரையில் இறக்கினான். கொக்கியைக் கழற்றினான். சும்மாட்டைப் பிரித்து உதறி, மூட்டையின்மேல் விரித்து, அதன்மேல் உட்கார்ந்தான்.

"இன்னாடா, தூக்க முடியலையா?" என்று தணிகாசலம் பதறிப்போய்க் கேட்டார்.

"நல்லா தூக்க முடியுது சார்," என்றான் கன்னியப்பன். "இன்னிக்கி வேணாம். நாளைக்கி மூணு நட்சத்திரம் பாத்துட்டு வந்து ஏத்தறேன்."

எதிர்வரிசையில் முதுகில் மூட்டையோடு நின்ற ஒருவன் அதை இறக்கினான். அடுத்தவன் இறக்கினான். தெருக்கோடி வரைக்கும் தொப்பு தொப்பென்று மூட்டை இறங்கும் சத்தம் போய்க்கொண்டே இருந்தது. லாரி டிரைவர் கீழே இறங்கிச் சண்டைக்கு ஆள் தேடினார், யாரும் சண்டைக்கு வரவில்லை, கடைசியில் அவரும் சக்கரத்தோரமாகக் குந்தினார். நெய்னா கையில் இருந்த காசைக் கொடுத்தவனிடமே திருப்பிக் கொடுத்துவிட்டு டீயை ஊற்றினான்.

தணிகாசலம் தராசுக்கு முன்னால் ரொம்ப நேரம் நின்றார். முள் ஆடிக்கொண்டிருந்தது. அவர் நினைத்தால் வேறு ஆளைக் கூப்பிடலாம், பக்கத்துத் தெருவில் ஆளுக்குப் பஞ்சமில்லை. அது எல்லோருக்கும் தெரியும், அவருக்கும் தெரியும். தெரு காத்திருந்தது. அவர் தட்டில் கிடந்த ஆணிகளைப் பொறுக்கி டப்பாவில் போட்டார், தராசைத் தூக்கிக் கீழே வைத்தார், ஷட்டரை அரைக்கு இழுத்துவிட்டார்.

"நெய்னா, எனக்கும் ஒண்ணு," என்றார்.

ஜெகதாவின் பின்னால் நின்ற கூட்டத்தில் ஒரு சின்னப்பெண் மெதுவாகக் கேட்டாள், "மேடம், மறுபடியும் எதுவும் நகரலையா?"

"நகருதும்மா," என்றாள் ஜெகதா. "எல்லாம் நகருது." மிச்சத்தை ஞாயிற்றுக்கிழமை வந்து பாருங்கள் என்று சொல்லிவிட்டு, தெருவைக் கடந்து போனாள். கன்னியப்பன் கொஞ்சம் நகர்ந்து, மூட்டையில் அவளுக்கு இடம் விட்டான்.